இலவச டைமண்டும் அப்பாவின் ஓடிபியும்

ஃப்ரீ ஃபயர், பப்ஜி போன்ற விளையாட்டுகளில் ‘ஹேக்’ போடக் கற்றுத்தரும் வீடியோக்கள் ஏறக்குறைய ஒரே வரிசையில்தான் நகரும். முதலில் ப்ளே ஸ்டோருக்குள் போய் ‘ப்ளே புரொடெக்ட்’ என்ற பாதுகாப்பை ஆஃப் பண்ணச் சொல்வார்கள். அடுத்து டிஸ்கிரிப்ஷனில் ஒரு டெலிகிராம் லிங்க். அங்கே செயலியை நேரடியாக நிறுவும் ஓர் ஏபிகே கோப்பு. இறக்கும்போது ‘இந்தக் கோப்பு தீங்கு விளைவிக்கலாம்’ என்று போன் எச்சரிக்கும். ‘அது அப்படித்தான் காட்டும், பயப்படாதீங்க ப்ரோ’ என்று வீடியோவின் குரல் தைரியம் சொல்லும். நிறுவியதும் மற்றச் செயலிகளின் மேல் தோன்ற ஓர் அனுமதி, கோப்புகளைப் பார்க்க ஓர் அனுமதி, ஆக்ஸஸிபிலிட்டிக்கு ஓர் அனுமதி. எல்லாம் முடிந்தபின் திரையோரம் ஒரு சிறிய பொத்தான் மிதக்கும். தொட்டால் ‘ஆட்டோ ஹெட்ஷாட்’, ‘வால்ஹேக்’, ‘நோ ரீகாயில்’ என்று பட்டியல் விரியும்.

இதே வரிசையை, வங்கிக் கணக்கைக் காலிசெய்யும் ஒரு திருட்டுச் செயலியை நிறுவவைக்கும் முறையோடு வைத்துப் பாருங்கள். கடைசியில் வரும் அந்தப் பொத்தானைத் தவிர வேறு வித்தியாசம் தெரியாது. ஏமாற்றுக் கருவி என்றதும் ‘ஐடி பேன் ஆகிவிடும்’ என்பதைத்தான் பையன்கள் முதல் ஆபத்தாகச் சொல்கிறார்கள். இருப்பதிலேயே சிறிய ஆபத்து அதுதான். ஏமாற்றுக் கருவி வேலை செய்ய எந்தெந்தப் பூட்டுகளைத் திறக்க வேண்டுமோ, திருடனுக்கும் அதே பூட்டுகள்தான் திறந்திருக்க வேண்டும். எச்சரிக்கை வந்தால் திருடன் என்று சந்தேகிக்கலாம் என்றால், இங்கே நல்ல ‘ஹேக்’கும் அதே எச்சரிக்கையோடுதான் வருகிறது. ஆக, ஆளை அடையாளம் காண இருந்த ஒரே வழியும் அடைபட்டுவிடுகிறது.

விளையாட்டில் குறுக்குவழி தேடுவது புதிய பழக்கமல்ல; ஒரு காலத்தில் அதை உருவாக்கியவர்களே வைத்துத் தந்தார்கள். 1986இல் ‘கிராடியஸ்’ விளையாட்டை நிண்டெண்டோ கருவிக்கு மாற்றிக்கொண்டிருந்த கொனாமி நிறுவனத்தின் கசுஹிசா ஹஷிமோட்டோ, சோதித்துப் பார்க்கத் தனக்கே அது கடினமாக இருந்ததால் சில பொத்தான்களை வரிசையாக அழுத்தினால் எல்லா ஆயுதமும் கிடைக்கும்படி ஒரு வசதி செய்துகொண்டார். அது அப்படியே விற்பனைக்கும் போய்ப் புகழ்பெற்றது. நம்மூர் பிரவுசிங் சென்டர்களில் ‘வைஸ் சிட்டி’ ஆடிய தலைமுறைக்கு, ‘பான்சர்’ என்று தட்டினால் வானத்திலிருந்து ராணுவ டாங்கி விழும் என்பது மனப்பாடம். போலீஸ் துரத்தினால் அதற்கும் ஒரு சொல் இருந்தது. யாருக்கும் நஷ்டமில்லை. ‘கேம் ஜீனி’ என்ற வெளிக் கருவி வந்தபோது நிண்டெண்டோ வழக்குப் போட்டு, 1992இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் தோற்றது. தன் வீட்டில் தன் விளையாட்டைத் தன் விருப்பப்படி ஆட வாங்கியவருக்கு உரிமை உண்டு என்கிற பக்கம் நீதிமன்றம் நின்றது. அந்த நியாயம் எனக்கு இன்றும் ஏற்புடையது. இன்னொன்றையும் மறக்கக் கூடாது: ‘கவுண்டர் ஸ்டிரைக்’ பிறந்தது ‘ஹாஃப் லைஃப்’ விளையாட்டை ரசிகர்கள் மாற்றி எழுதியதில், பப்ஜியின் மூலவரான பிரெண்டன் கிரீனும் வேறொரு விளையாட்டை மாற்றி எழுதித்தான் தொடங்கினார். மாற்றி எழுதுவதே குற்றம் என்று சொல்ல முடியாது.

எதிரே இன்னொரு மனிதன் வந்து உட்கார்ந்ததும் கதை மாறியது. அவனோடு பணமும் வந்தது. கூடவே, விளையாடும் கருவியும் பணப்பையும் ஒரே பொருளாகிவிட்டன.

இந்தக் கருவிகள் எதைச் செய்ய முடியும், எதைச் செய்யவே முடியாது என்பது புரிந்தால் பாதிப் புகை விலகும். தனியாக ஆடும் விளையாட்டில் உங்கள் காசு, உயிர், மதிப்பெண் எல்லாம் போனின் நினைவகத்தில் எண்களாக இருக்கின்றன. ‘கேம் கார்டியன்’ போன்ற கருவி அந்த எண்ணைத் தேடும். 350 காசு இருந்தால் நினைவகத்தில் 350 எங்கெல்லாம் இருக்கிறது என்று பார்க்கும். கொஞ்சம் செலவழித்து 320 ஆக்கியதும், முன்பு 350 இருந்த இடங்களில் இப்போது 320 ஆனது எது என்று சலிக்கும். இரண்டு மூன்று சுற்றில் இடம் அகப்பட்டுவிடும். அங்கே 9,99,999 என்று எழுதினால் வேலை முடிந்தது.

ஆன்லைன் விளையாட்டில் இது செல்லாது. ஃப்ரீ ஃபயரின் டைமண்ட், பப்ஜியின் இந்தியப் பதிப்பான பிஜிஎம்ஐயின் யூசி போன்ற விளையாட்டுக் காசுகள் நிறுவனத்தின் சர்வரில் எழுதப்பட்டிருக்கின்றன. போனில் தெரிவது அதன் பிரதி மட்டுமே. பிரதியைத் திருத்தினால் திரையில் லட்சம் தெரியலாம். வாங்கப் போனால் சர்வர் தன் கணக்கைத்தான் பார்க்கும். ஆகவே, ‘அன்லிமிடெட் டைமண்ட் ஜெனரேட்டர்’ என்று எதைக் கண்டாலும் அது பொய் என்று தயங்காமல் சொல்லிவிடலாம். சில பொய், சில மெய் என்ற பேச்சுக்கே இடமில்லை. பயனர்பெயரைக் கேட்கும், ‘நீங்கள் ரோபோ இல்லை என்று நிரூபிக்க’ இரண்டு செயலிகளை நிறுவச் சொல்லும், ஒரு சர்வேயை நிரப்பச் சொல்லும். நிறுவவைப்பதற்கான கமிஷன் அதை நடத்துபவருக்கு. உங்களுக்குச் சுழலும் வட்டம்.

ஆனால் எதிரி எங்கே நிற்கிறான் என்பது வேறு விஷயம். நூறு பேர் ஆடும் போர்க்களத்தில், சுவருக்குப் பின்னால் இருக்கும் எதிரி வெளியே வந்த அதே கணத்தில் அவனைத் திரையில் வரைய வேண்டும். அந்தக் கணத்தில் போய்ச் சர்வரிடம் கேட்டு வாங்க மொபைல் இணையத்தின் வேகம் போதாது. அதனால் அருகிலிருப்பவர்களின் இருப்பிடம் முன்கூட்டியே உங்கள் போனுக்கு வந்துவிடுகிறது. விளையாட்டு அதை உங்கள் கண்ணுக்குக் காட்டாமல் வைத்திருக்கிறது. வால்ஹேக் அந்த மறைவை விலக்குகிறது. எய்ம்பாட் அதே எண்களைக் கொண்டு குறியைத் திருப்பிவிடுகிறது. துப்பாக்கியின் உதறலைக் கணக்கிடுவதும் பெருமளவு போன்தான். அதனால் ‘நோ ரீகாயில்’ சாத்தியமாகிறது. போனுக்குத் தெரிந்ததை மட்டுமே ஏமாற்ற முடியும். தாமதமில்லாத ஆட்டம் வேண்டுமென்று நாம் கேட்கும்வரை போனுக்குக் கொஞ்சம் அதிகம் தெரிந்தேதான் இருக்கும். நிறுவனங்கள் இந்தப் போரில் முழு வெற்றி காணாததற்குச் சோம்பல் காரணமல்ல.

இனி அந்த எண்களை எட்டுவது எப்படி என்று பார்க்கலாம். ஆபத்து பிறக்கும் இடம் இதுதான். ஆண்ட்ராய்டில் ஒவ்வொரு செயலியும் தனித்தனி பயனராகப் பதிவாகி ஓடுகிறது. ஒன்றின் நினைவகத்தை இன்னொன்று படிக்க முடியாது. வாட்ஸப்பை ஒரு டார்ச் செயலி எட்டிப்பார்க்க முடியாததற்குக் காரணம் இந்த ஏற்பாடு. இதைத் தாண்ட மூன்று வழிகள் புழக்கத்தில் உள்ளன.

முதலாவது ரூட். பூட்லோடரைத் திறந்து, மேஜிஸ்க் போன்ற ரூட் கருவியை ஏற்றி, செயலிக்கு முழு அதிகாரம் கொடுப்பது. அதிகாரம் பெற்ற செயலி விளையாட்டின் நினைவகத்தை மட்டும்தான் படிக்க வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. ஜிபே முதல் வங்கிச் செயலிகள்வரை பல, ரூட் செய்த போனில் ஓட மறுக்கின்றன. உடனே ரூட்டை மறைக்க இன்னொரு மாட்யூல். அது இன்னொரு முகம் தெரியாதவர் எழுதியது. சாம்சங் போன்களில் பூட்லோடரைத் திறந்து வேறு மென்பொருளை ஏற்றினால் ‘நாக்ஸ்’ என்ற பாதுகாப்பு நிரந்தரமாக உடைந்துவிடும். பழைய மென்பொருளையே திரும்ப ஏற்றினாலும் அது மீளாது. செக்யூர் ஃபோல்டர் போன்ற வசதிகள் போனது போனதுதான்.

இரண்டாவது, ரூட் இல்லாமல் ‘வெர்ச்சுவல் ஸ்பேஸ்’. ஒரு பெரிய செயலிக்குள் விளையாட்டையும் ஏமாற்றுக் கருவியையும் சேர்த்து ஓடவிடுவது. இரண்டும் ஒரே பயனரின் கீழ் வந்துவிடுவதால் ஒன்றை ஒன்று படிக்கலாம். ‘ரூட் தேவையில்லை, போனுக்கு ஒன்றும் ஆகாது’ என்று இதைச் சந்தைப்படுத்துகிறார்கள். உள்ளே நுழைந்து நீங்கள் கூகுளிலோ ஃபேஸ்புக்கிலோ லாகின் செய்தால், அந்த லாகினும் அதே கூரையின் கீழ்தான் இருக்கும் என்பதைச் சொல்வதில்லை.

மூன்றாவது, மோட் ஏபிகே. விளையாட்டையே பிரித்து, மாற்றி, மறுபடி கட்டித் தருவது. உண்மையான நிறுவனத்தின் கையொப்பம் அதில் இருக்க முடியாது, வேறொருவர் கையொப்பமிட்டிருப்பார். அதனால் அசலை நீக்கிவிட்டுத்தான் இதை நிறுவ முடியும், அப்டேட்டும் அவரிடமிருந்தே வரும். கூகுள் லாகின் அந்தக் கையொப்பத்தைச் சரிபார்ப்பதால் மோட் விளையாட்டுகளில் அது பெரும்பாலும் வேலை செய்யாது. ‘ஃபேஸ்புக்ல லாகின் பண்ணுங்க’ என்ற குறிப்பு வருவது இதனால்தான். அந்த லாகின் பக்கம் ஃபேஸ்புக்கினுடையதுதானா என்று பார்க்கும் பொறுமை, அடுத்த மேட்சுக்கு நண்பர்கள் காத்திருக்கும்போது யாருக்கு வரும்?

ஆக்ஸஸிபிலிட்டியைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். பார்வைக் குறையுள்ளவர்களுக்குத் திரையைப் படித்துக்காட்டவும் அவர்களுக்காகப் பொத்தானை அழுத்தவும் உருவான வசதி அது. தானாகச் சுடும் கருவிக்கும் திரையைப் படிப்பதும் அழுத்துவதும்தானே வேலை! அதனால் கேட்பது இயல்பாகத் தோன்றும். அனுபிஸ், செர்பரஸ் போன்ற வங்கித் திருட்டு மென்பொருள்களும் இதே அனுமதியைத்தான் கேட்டன. கிடைத்துவிட்டால் மற்ற அனுமதிகளைத் தமக்குத்தாமே கொடுத்துக்கொண்டன. உண்மையான வங்கிச் செயலியின் மேல் போலித் திரையை விரித்தன. நீக்கப் போனால் திரையை மூடின.

ஐபோன்காரர்கள் இதைப் படித்துச் சிரிக்க வேண்டியதில்லை. நிறுவனங்கள் தம் ஊழியர்களுக்கு மட்டும் செயலி வழங்க ஆப்பிள் தரும் சான்றிதழைத் தவறாகப் பயன்படுத்தி, டுடுஆப், பாண்டா ஹெல்ப்பர் போன்ற கடைகள் மைன்கிராஃப்ட், போக்கிமான் கோ ஆகியவற்றின் திருத்திய பதிப்புகளை விநியோகித்ததை 2019 பிப்ரவரியில் ராய்ட்டர்ஸ் வெளிக்கொண்டுவந்தது. அதற்கும் முன்னால் நடந்த கீ ரெய்டர் விவகாரம் இன்னும் பாடமானது. 2015 ஆகஸ்டில் பாலோ ஆல்டோ நெட்வொர்க்ஸ் வெளியிட்ட அந்த ஆய்வின்படி, ஜெயில்பிரேக் செய்த, அதாவது ஆப்பிளின் பூட்டை உடைத்த, ஐபோன்களிலிருந்து 2,25,000-க்கும் மேற்பட்ட ஆப்பிள் கணக்குகள் கடவுச்சொல்லோடு திருடப்பட்டிருந்தன. சீன ரசிகர் மன்றம் ஒன்றின் களஞ்சியத்தில் வைத்த துணைக்கருவிகள் வழியாக அது பரவியது. விளையாட்டில் ஏமாற்ற, விளம்பரத்தை நீக்க என்று அந்தக் கருவிகளுக்குப் பெயர். சொன்ன வேலையையும் அவை செய்தன. திருடிய கணக்குகளைக் கொண்டு வேறு சிலர் ஆப் ஸ்டோரில் இலவசமாகப் பொருள் வாங்கிக்கொண்டார்கள். இலவசத்துக்கு ஆசைப்பட்டவரின் கணக்கே இன்னொருவரின் இலவசமானது.

எல்லா மோசடியும் இவ்வளவு நேர்த்தியானதல்ல. 2015 மே மாதம் ஈசெட் நிறுவனம் கூகுள் ப்ளேயிலேயே 33 போலி மைன்கிராஃப்ட் ஏமாற்றுச் செயலிகளைக் கண்டது. ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் நிறுவியிருந்தார்கள். ஏமாற்று வசதி எதுவும் உள்ளே இல்லை. ‘உங்கள் போனில் வைரஸ்’ என்று பயமுறுத்தி, வாரம் 4.80 யூரோ பிடுங்கும் எஸ்எம்எஸ் சந்தாவில் மாட்டிவிடுவதே அவற்றின் வேலை. 2016 ஜூலையில் போக்கிமான் கோ ஆஸ்திரேலியா, நியூசிலாந்து போன்ற சில நாடுகளில் மட்டும் வெளியானபோது, மற்ற நாட்டுக்காரர்கள் ஏபிகே தேடி அலைந்தார்கள். 72 மணி நேரத்துக்குள் ‘டிராய்டுஜாக்’ என்ற தொலைவுக் கட்டுப்பாட்டு மென்பொருள் ஒட்டிய பதிப்பு இணையத்துக்கு வந்துவிட்டதைப் புரூஃப்பாயிண்ட் கண்டறிந்தது. விளையாட்டு ஒழுங்காகவே ஓடியது. பின்னால் போன் வேறொருவர் கையில் இருந்தது. 2017இல் செக் பாயிண்ட் ஆய்வாளர்கள் கண்ட ‘ஃபால்ஸ்கைட்’, ஏமாற்றுக் கருவிகூட அல்ல. ஃபிஃபா மொபைல், போக்கிமான் கோ ஆகியவற்றுக்கான வழிகாட்டிப் புத்தகம்போல ப்ளே ஸ்டோரில் உட்கார்ந்திருந்தது. டிவைஸ் அட்மின் அனுமதியை வாங்கிக்கொண்டு, நீக்க முடியாதபடி அமர்ந்து, போனை ‘பாட்நெட்’ என்ற அடிமைக் கூட்டத்தில் சேர்த்தது.

மறுபக்கம், ஏமாற்றுக் கருவி விற்பவர்கள் எல்லோரும் போன் திருடர்கள் என்று சொன்னால் அது பொய். பலருக்கு அது முறையான தொழில்: தினச் சந்தா, மாதச் சந்தா, ரீசெல்லர், வாட்ஸப் சப்போர்ட். 2021 மார்ச்சில் சீனாவின் குன்ஷான் நகரப் போலீஸ் டென்சென்ட் நிறுவனத்தின் உதவியோடு ‘கோழிக்கால்’ என்ற பெயருடைய கும்பலைப் பிடித்தது. கால் ஆஃப் டியூட்டி மொபைல், ஓவர்வாட்ச் உள்ளிட்டவற்றுக்குக் கருவி விற்று அவர்கள் ஈட்டியது சுமார் 7.6 கோடி டாலர். சந்தா நாளொன்றுக்கு 10 டாலர், மாதத்துக்கு 200 டாலர்வரை. கைப்பற்றிய சொத்துகளில் சொகுசுக் கார்களும் இருந்தன. இப்படிச் சம்பாதிப்பவருக்கு வாடிக்கையாளரின் வங்கிக் கணக்கைத் தொடும் அவசியமில்லை. நற்பெயர்தான் அவருக்கு முதல். சிக்கல் என்னவென்றால், மாதம் 200 டாலர் கொடுக்க நம்மூர்ப் பத்தாம் வகுப்புப் பையனால் முடியாது. அவனுக்குக் கிடைப்பது அதே கருவியின் ‘கிராக்’ செய்த இலவசப் பதிப்பு. திருட்டுப் பொருளைத் திருடி இலவசமாகத் தருபவர் எதில் சம்பாதிக்கிறார் என்ற கேள்வியை டெலிகிராம் குழுக்களில் யாரும் கேட்பதில்லை.

இந்தியாவில் வெளியிலிருந்து செயலி இறக்கும் இந்தப் பழக்கம் வேரூன்றியதில் அரசின் தடைகளுக்கும் பங்குண்டு என்பது என் கணிப்பு. 2020 செப்டம்பர் 2 அன்று பப்ஜி தடைசெய்யப்பட்டது. ஆட்டம் நிற்கவில்லை, கொரியப் பதிப்பின் ஏபிகேயைத் தேடி நிறுவிக்கொண்டார்கள். 2021 ஜூலையில் பிஜிஎம்ஐ வந்தது. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர் போனது. அதே ஆண்டு ஜூலையில் பிஜிஎம்ஐயும் ஸ்டோரிலிருந்து மறைந்து 2023 மே மாதம் திரும்பியது. இடைப்பட்ட மாதங்களில், ப்ளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து செயலி இறக்குவது எப்படி, எச்சரிக்கையைத் தாண்டுவது எப்படி என்பதை ஒரு தலைமுறையே கற்றுக்கொண்டது. தடை தேவையா என்பது வேறு விவாதம். அதன் பக்கவிளைவை யாரும் கணக்கில் எழுதவில்லை.

இன்னொன்று, தமிழ்நாட்டில் பல வீடுகளில் பையன் ஆடுவது அவனுடைய போனில் அல்ல. கொரோனாக் கால ஆன்லைன் வகுப்புக்காக அப்பாவின் போனோ அம்மாவின் போனோ பிள்ளை கைக்குப் போனது. பள்ளி திறந்த பிறகும் முழுதாகத் திரும்பவில்லை. அந்தப் போனில்தான் சம்பளம் வரும் வங்கியின் எஸ்எம்எஸ், யூபிஐ, ஆதார் நகல், மகளிர் குழுவின் வாட்ஸப் எல்லாம் இருக்கின்றன. எஸ்எம்எஸ் படிக்கும் அனுமதி கொடுக்கும் பையனுக்கு ஓடிபி என்றால் கேம் லாகினுக்கு வருவது. அதே பெட்டிக்குள் வரும் அப்பாவின் ஓடிபி அவன் நினைவில் இல்லை.

பணம் போனால் வங்கி தருமா? மூன்றாம் தரப்பின் ஊடுருவலால் இழப்பு நேர்ந்து, மூன்று வேலைநாட்களுக்குள் தெரிவித்தால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பில்லை என்கிறது ரிசர்வ் வங்கியின் 2017 ஜூலைச் சுற்றறிக்கை. வாடிக்கையாளரின் கவனக்குறைவு காரணமென்றால், வங்கிக்குத் தெரிவிக்கும்வரை ஏற்படும் இழப்பு முழுவதும் அவருடையது. எச்சரிக்கையை அணைத்துவிட்டு, திரையைப் படிக்கும் அனுமதியைத் தானே கொடுத்த போன் இந்த இரண்டில் எதில் சேரும் என்று வங்கி வாதாடும் என்பதை ஊகிப்பது கடினமல்ல. 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு எவ்வளவு சீக்கிரம் அழைக்கிறோமோ, அவ்வளவுக்குப் பணத்தை வழியில் நிறுத்த வாய்ப்பு கூடும். ஐடி போன வருத்தத்தில் வீட்டில் சொல்லாமல் பையன் ஒளித்துவைக்கும் நேரம், சரியாக அந்த நேரம்தான். திட்டு விழாது என்று அவனுக்கு முன்கூட்டியே தெரிந்திருந்தால் பல வீடுகளில் சேதம் குறையும்.

நிறுவிவிட்டது தெரிந்தால் செயலியை மட்டும் நீக்குவது போதாது. இணையத்தைத் துண்டித்துவிட்டு, கடவுச்சொற்களை வேறொரு போனிலிருந்து மாற்றி, கூகுள் கணக்கிலிருந்து மற்றச் சாதனங்களை வெளியேற்றி, படங்களை மட்டும் நகலெடுத்துக்கொண்டு ஃபேக்டரி ரீசெட் செய்வதே உருப்படியான வழி. ரூட் செய்த போனென்றால் நிறுவனத்தின் மென்பொருளையே புதிதாக ஏற்ற வேண்டும்.

சட்டம் இதில் நாட்டுக்கு நாடு மாறுகிறது. தென்கொரியா 2016இல் தன் விளையாட்டுத் துறைச் சட்டத்தைத் திருத்தி, ஏமாற்றுக் கருவி உருவாக்குவதையும் பரப்புவதையும் குற்றமாக்கியது. ஜப்பானில் 2018 திருத்தத்துக்குப் பின், சேமித்த விளையாட்டுத் தரவைத் திருத்தும் கருவியை விற்பதே சட்டவிரோதமானது. கேம் ஜீனி வழக்கோடு ஒப்பிட்டால் இது எதிர்த்திசை, எனக்கு அதிகப்படியாகவும் தோன்றுகிறது. அமெரிக்காவில், போக்கிமான் கோவுக்குத் திருத்திய செயலி விற்ற ‘குளோபல்++’ குழுவுக்கு எதிராக நியாண்டிக் தொடுத்த வழக்கு 2021இல் 50 லட்சம் டாலரில் முடிந்தது. இந்தியாவில் இதற்கென்று தனிச் சட்டமில்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 43, 66ஆம் பிரிவுகளும், பதிப்புரிமைச் சட்டத்தின் 65ஏ பிரிவும் பொருந்தலாம். 2025இன் ஆன்லைன் விளையாட்டுச் சட்டத்தின் அக்கறை, பணம் கட்டி ஆடும் விளையாட்டுகள்மீதுதான்.

நிறுவனங்களின் பதிலடியும் அப்பழுக்கற்றதல்ல. 2018 ஆகஸ்டில் போக்கிமான் கோ செயலி, போனின் சேமிப்பகத்தில் ரூட் தொடர்பான கோப்புகள் இருக்கின்றனவா என்று துழாவியது தெரியவந்தது. ரூட் செய்யாதவர்கள்கூட, பழைய ஒரு வெற்றுக் கோப்புறை மிச்சமிருந்ததால் வெளியே தள்ளப்பட்டார்கள். ஏமாற்றுபவனைப் பிடிக்க எல்லோர் பீரோவையும் திறந்து பார்க்கும் உரிமை யார் கொடுத்தது என்ற கேள்வி அப்போது எழுந்தது, இன்றும் தீரவில்லை. கணக்கைத் தடைசெய்வதோடு நிற்காமல் சாதனத்தையே தடைசெய்யும் முறை வந்தபின், செகண்ட் ஹேண்ட் போன் வாங்குகிறவர் முந்தையவரின் தண்டனையை அனுபவிக்கும் வாய்ப்பும் சேர்ந்துகொண்டது.

கூகுள் தன் பக்கத்தில் பூட்டுகளைக் கூட்டிக்கொண்டே போகிறது. 2022இல் வந்த ஆண்ட்ராய்டு 13, வெளியிலிருந்து இறக்கிய செயலிக்கு ஆக்ஸஸிபிலிட்டி கொடுப்பதைக் கடினமாக்கியது. புதிய செயலிகளை நிறுவும்போதே குறிமுறையை அலசும் வசதி 2023 அக்டோபரில் முதலில் இந்தியாவில்தான் தொடங்கியது. ப்ளே ஸ்டோரைவிட இணையத்திலிருந்து நேரடியாக இறக்கும் செயலிகளில் தீய மென்பொருள் 50 மடங்குக்கும் மேல் என்ற தன் கணக்கைக் காட்டி, உருவாக்குபவரின் அடையாளம் சரிபார்க்கப்படாத செயலியை நிறுவவிடாத ஏற்பாட்டை 2025 ஆகஸ்டில் அறிவித்தது. 2026 செப்டம்பரில் பிரேசில், இந்தோனேசியா, சிங்கப்பூர், தாய்லாந்து ஆகிய நாடுகளில் முதலில் நடைமுறை என்றது அறிவிப்பு.

2025இல் அறிவித்த இன்னொரு பாதுகாப்பும் உண்டு: போன் அழைப்பில் இருக்கும்போது ப்ளே புரொடெக்ட்டை அணைக்க முடியாது. ‘வங்கியிலிருந்து பேசுகிறோம்’ என்று மிரட்டி அணைக்கவைப்பவர்களை மனத்தில் வைத்து எழுதியது அது. ஹேக் வீடியோ பார்க்கும் பையன் யாருடனும் அழைப்பில் இல்லை. அவனை யாரும் மிரட்டவும் இல்லை.